நாற்பதாயிரம் பேரா, பதினாறாயிரமா?

கேள்வி: 1565இல் மத்தியதரைக் கடல் தீவான மால்டாவை முற்றுகையிட வந்த துருக்கியப் படை ஒரு நூலில் 40,000, இன்னொன்றில் அதில் பாதிகூட இல்லை. எதை நம்புவது?

பதில்: எழுதியவர் எப்போது, யாருக்கு எழுதினார் என்றுதான் நான் முதலில் பார்ப்பேன். தீவைக் காத்த தலைவர் லா வலெட்டையே எடுத்துக்கொள்ளுங்கள். முற்றுகை தொடங்கிய சில நாட்களில் ஸ்பெயின் மன்னர் இரண்டாம் பிலிப்புக்கு எழுதிய கடிதத்தில், கரையிறங்கும் வீரர்கள் 15,000 முதல் 16,000 என்கிறார். வென்றபின் எழுதிய கடிதத்தில் அதுவே 40,000 ஆகிவிடுகிறது! உதவிப்படை கேட்கும் நேரத்தில்தானே எண்ணிக்கையைக் கூட்டிச் சொல்லத் தோன்றும்? அப்போதே குறைத்துச் சொன்னாரென்றால், என் ஓட்டு முதல் கணக்குக்குத்தான்.

அப்புறம், யாரையெல்லாம் சேர்த்து எண்ணினார்கள்? அக்காலப் போர்க்கப்பல் ஒன்றில் துடுப்பு வலிப்பவர்களே ஏறக்குறைய 150 பேர். அவர்களையும் பணியாட்களையும் சேர்த்தால் தொகை எங்கேயோ போய்விடும். சரி, சம்பளப் பட்டியல் கிடைத்தால் நம்பலாமா? கடிதத்தைவிட மேல். ஆனால், செத்தவன் பெயரை நீக்காமல் அவன் கூலியைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்ட கேப்டன்கள் அன்றைய ஐரோப்பியப் படைகளில் ஏராளம். அதிலும் கொஞ்சம் கழித்துக்கொள்ளுங்கள்.