யார் இங்கே சோதனை எலி?

கேள்வி: பச்சைப் பிள்ளைகளுக்கு மருந்து கொடுத்து ஆராய்ச்சி செய்கிறார்களே, அவர்களைச் சோதனை எலி ஆக்குவது பாவமில்லையா? பெற்றோர் கையெழுத்துப் போட்டால் எல்லாம் சரியாகிவிடுமா?

பதில்: எலி என்று சொல்லிவிட்டீர்கள், அதைப் பேசாமல் என்னால் மேலே போக முடியாது. பிள்ளைகளிடம் யாருமே சோதித்துப் பார்க்காத மாத்திரையை, பெரியவர்களுக்கு ஒன்று என்றால் இவனுக்குப் பாதி என்று கணக்குப் போட்டு, உடைத்து, கரண்டியால் நசுக்கி, வாயைப் பிடித்து ஊற்றுகிறோமே, அந்தப் பிள்ளைதான் எலி. என்ன ஆயிற்று என்று குறித்துக்கொள்ளக்கூட அங்கே ஆள் கிடையாது. குளோராம்பெனிகால் என்ற கிருமிக்கொல்லி மருந்து அப்படித்தான் பிறந்த குழந்தைகளுக்குப் போனது. அதை முறித்து வெளியேற்றும் பக்குவம் அந்தக் கல்லீரலுக்கு இல்லை. மருந்து உடம்பிலேயே தேங்கி, குழந்தைகள் சாம்பல் பூத்தது போல் நிறம் மாறிச் செத்தன. விஷயம் வெளிச்சத்துக்கு வந்தது 1959-இல்.

குறைமாதக் குழந்தைகளின் கதை இன்னும் கொடுமை. 1940-களில் ஆக்சிஜனை எவ்வளவு கொடுத்தாலும் நல்லது என்று நம்பித் தாராளமாகக் கொடுத்தார்கள். உலகம் முழுக்கச் சுமார் 10,000 குழந்தைகளுக்குக் கண் போனது. அளவைக் குறைத்துப் பார்க்கலாம் என்று வாஷிங்டனில் ஓர் ஆய்வு நடந்தபோது, பிள்ளை மூச்சுத் திணறிச் செத்துவிடுமே என்று பதறி, ராத்திரியில் ரகசியமாக ஆக்சிஜனைத் திறந்துவிட்டார்கள் சில நர்சுகள். முழுக்க முழுக்கப் பாசம்தான், ஆனால் கண்ணைப் பறித்ததும் அதே ஆக்சிஜன்தானே! ஆய்வு நடக்காமல் இருந்திருந்தால் இது யாருக்குத் தெரிந்திருக்கும்?

சரி, கையெழுத்துக்கு வருகிறேன், எனக்கு நெடுநாள் கோபமே அதன்மேல்தான். நியூயார்க்கில் வில்லோபுரூக் என்று மனவளர்ச்சி குன்றிய பிள்ளைகளுக்கான அரசு விடுதி இருந்தது. 1956 முதல் அங்கே பிள்ளைகளுக்கு வேண்டுமென்றே மஞ்சள் காமாலைக் கிருமியைக் கொடுத்து ஆராய்ச்சி செய்தார்கள். பெற்றோர் கையெழுத்து எல்லாம் பத்திரமாக இருந்தது. எப்படி வாங்கினார்கள் தெரியுமா? ஒரு கட்டத்தில் விடுதியில் இடமில்லை என்று சேர்க்கையை நிறுத்திவிட்டு, ஆராய்ச்சிப் பிரிவில் மட்டும் இடமிருக்கிறது என்றார்கள். வேறு போக்கிடம் இல்லாத தாய் என்ன செய்வாள்? அதைச் சம்மதம் என்று இன்றைக்கும் வாதாடுகிறவர்களோடு எனக்குச் சமாதானமே கிடையாது.

அதனால்தான் இப்போதைய நெறிமுறைகள் பெற்றோர் அனுமதியோடு நிற்பதில்லை, விவரம் புரிகிற வயதுப் பிள்ளையின் இசைவையும் கேட்கச் சொல்கின்றன. தனக்கு எந்தப் பலனும் இல்லாத ஆய்வுக்காக ரத்தம் எடுக்க வருகிறார்கள், பிள்ளை கையைப் பின்னால் இழுத்துக்கொள்கிறது என்றால் ஊசியை அங்கேயே வைத்துவிட வேண்டும், அம்மா கையெழுத்தைக் காட்டக் கூடாது. உயிர் காக்கும் சிகிச்சை என்றால் கதை வேறு. பயந்து அழுகிறது என்று அறுவை சிகிச்சையை நிறுத்த முடியாது. அப்போதும் என்ன செய்யப்போகிறோம் என்று அதனிடம் உண்மையைச் சொல்லியாக வேண்டும். வலிக்கவே வலிக்காது என்று புளுகும் பெரியவர்களை எனக்குப் பிடிப்பதே இல்லை.

உங்களிடம் யாராவது படிவத்தை நீட்டினால் ஒன்று கேளுங்கள்: "பாதியில் வேண்டாம் என்று வந்துவிட்டால் என் பிள்ளைக்கு வழக்கமான சிகிச்சை தொடருமா?" தொடரும் என்று தயங்காமல் சொல்ல வேண்டும், படிவத்திலும் அது இருக்க வேண்டும். இழுத்தால் கையெழுத்துப் போடாதீர்கள்.