கிழக்குக் கரை இழந்த நான்கு சீசன்கள்

கேள்வி: குண்டுவெடிப்பு, கொரோனா, பொருளாதார நெருக்கடி எல்லாவற்றையும் தாண்டி இலங்கையின் சுற்றுலாத் துறை மீண்டுவிட்டது, பயணிகள் எண்ணிக்கை சாதனை படைத்திருக்கிறது என்று செய்திகள் சொல்கின்றன. ஹோட்டல், விடுதித் தொழிலில் இருப்பவர்களுக்கும் அது அப்படித்தான் தெரிகிறதா?

கிழக்குக் கரையில், திருகோணமலை உப்புவெளியில் நானும் கணவரும் ஆறு அறைகள் உள்ள சிறிய விடுதி ஒன்றை 2013 முதல் நடத்துகிறோம். வாசலில் இருந்து கடலுக்கு இரண்டு நிமிட நடை. இங்கிருந்து பார்த்ததைத்தான் என்னால் சொல்ல முடியும். தெற்குக் கரையில் பெந்தோட்டையிலோ மிரிஸ்ஸவிலோ விடுதி வைத்திருக்கும் ஒருவர் இதே கேள்விக்கு வேறு பதில் எழுதுவார், அதுவும் சரியாகவே இருக்கும்.

செய்தி பொய் இல்லை. 2018-இல் 23 இலட்சத்து 33 ஆயிரம் வெளிநாட்டுப் பயணிகள் வந்தார்கள். அதுதான் நீண்ட காலம் உச்சமாக இருந்தது. 2021-இல் அது 1 இலட்சத்து 94 ஆயிரமாக விழுந்தது. பிறகு 2022-இல் 7 இலட்சத்து 20 ஆயிரம், 2023-இல் 14 இலட்சத்து 87 ஆயிரம், 2024-இல் 20 இலட்சத்து 53 ஆயிரம் என்று ஏறி, 2025-இல் 2018-இன் கணக்கையும் தாண்டிவிட்டது. நான்கு வருடத்தில் இப்படி எழும்புவது சின்ன விஷயம் இல்லை. அதற்காக உழைத்தவர்களை நான் குறைத்துச் சொல்ல மாட்டேன்.

ஆனால் வருடக் கணக்கு ஒரு முக்கியமான விஷயத்தை மறைத்துவிடும். இந்தத் தீவின் இரண்டு கரைகளுக்கும் சீசன் ஒன்றல்ல. தெற்கிலும் மேற்கிலும் டிசம்பர் முதல் மார்ச் வரை கடல் அமைதியாக இருக்கும். ஐரோப்பாவில் குளிர் தொடங்கியதும் வருகிறவர்கள் போவது அந்தப் பக்கம்தான். அதே மாதங்களில் எங்கள் பக்கம் வாடைக் காற்று, மழை, கலங்கிய கடல். எங்களுக்கு ஏப்ரல் கடைசியில்தான் கடல் திறக்கும். மே தொடக்கம் செப்டெம்பர் வரை நிலாவெளி, உப்புவெளி, பாசிக்குடா, அறுகம்பை எல்லாம் உழைக்கிற காலம். அந்த ஐந்து மாதத்தில் கிடைப்பதை வைத்துத்தான் வருடம் முழுவதும் ஓட வேண்டும். வயல்காரருக்குப் போகம் மாதிரி.

இனி அடிகள் எந்த மாதங்களில் விழுந்தன என்று பாருங்கள்.

2019 ஏப்ரல் 21, உயிர்த்த ஞாயிறு. கொழும்பில் மூன்று பெரிய ஹோட்டல்களிலும், கொச்சிக்கடை, நீர்கொழும்பு கட்டுவாப்பிட்டி, மட்டக்களப்பு ஆகிய மூன்று இடங்களில் தேவாலயங்களிலும் குண்டுகள் வெடித்தன. அன்று எங்களிடம் இரண்டு அறைகளில் ஆட்கள் இருந்தார்கள். ஒரு ஜெர்மன் தம்பதி காலைச் சாப்பாட்டு மேசையிலேயே செய்தியைப் பார்த்துவிட்டு, எங்களிடம் என்ன பேசுவது என்று தெரியாமல் என் கையைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். மே, ஜூன், ஜூலைக்கு வந்திருந்த முன்பதிவுகள் ஒவ்வொன்றாக ரத்தாகின. நாடு முழுவதற்கும் 2018 மே மாதம் 1 இலட்சத்து 29 ஆயிரம் பேர் வந்திருந்தார்கள், 2019 மே மாதம் வந்தது 37,800 அளவில்தான். தெற்கு அந்த வருடக் கடைசியில் ஓரளவு தலை தூக்கியது. டிசம்பரில் 2 இலட்சத்து 40 ஆயிரத்துக்கும் மேல் வந்தார்கள். எங்களுக்கு டிசம்பர் என்றால் மழை.

சரி, அடுத்த சீசனில் பிடித்துவிடலாம் என்று இருந்தோம். 2020 மார்ச்சில் கொரோனாவால் விமான நிலையம் மூடப்பட்டது. ஏப்ரல் முதல் நவம்பர் வரை வெளிநாட்டுப் பயணி ஒருவர்கூட வரவில்லை. எங்கள் சீசன் முழுவதும் அதற்குள் அடக்கம். 2021 ஜனவரியில் நாடு மறுபடி திறந்தது, ஆனால் மே மாதத்தில் தொற்று ஏறி, ஓகஸ்ட் 20-இலிருந்து செப்டெம்பர் முடியும் வரை ஊரடங்கு. மூன்றாவது சீசனும் போனது.

2022 தொடக்கத்தில் நல்ல அறிகுறி தெரிந்தது. மார்ச்சில் மாத வருகை ஒரு இலட்சத்தைத் தாண்டியது. நான் அறைகளுக்குப் பெயின்ட் அடிக்கச் சொன்னேன். அந்த மார்ச் கடைசியில்தான் ஒரு நாளைக்கு 13 மணி நேர மின்வெட்டு. ஏப்ரலில் வெளிநாட்டுக் கடனைக் கட்ட முடியாது என்று அரசாங்கம் அறிவித்தது. பெற்றோல் வரிசை, எரிவாயு வரிசை, மே மாதம் வந்தவர்கள் 30 ஆயிரம்தான். கொழும்பிலிருந்து திருகோணமலைக்கு 260 கிலோமீட்டர் அளவில் இருக்கிறது. பெற்றோல் இல்லாத நாட்டில் அந்தத் தூரத்தை யார் ஓட்டி வருவார்கள்? ஜூலையில் ஜனாதிபதி மாளிகைக்குள் மக்கள் நுழைந்த படம் உலகம் முழுவதும் போனது. அது எங்கள் நான்காவது சீசன்.

நான்கு வருடம் தொடர்ந்து, கடல் திறக்கிற நேரத்திலேயே. யாரும் திட்டமிட்டுச் செய்தது இல்லை. ஆனால் இந்த வரிசையைப் புரிந்துகொள்ளாமல் இலங்கையின் சுற்றுலா மீட்சியைப் பற்றிப் பேசினால், தெற்கின் கதையை மட்டும் நாட்டின் கதையாகச் சொல்லிவிடுவோம். எங்களுக்கு ஒழுங்கான முதல் சீசன் 2023-இல்தான் வந்தது. ஐந்து வருடங்களுக்குப் பிறகு.

இப்போது பணத்துக்கு வருகிறேன். 2018-இல் சுற்றுலாவால் நாட்டுக்குக் கிடைத்தது 4.38 பில்லியன் டொலர். 2024-இல் 3.17 பில்லியன். தலைக்கு வகுத்துப் பார்த்தால் 2018-இல் ஒருவர் ஏறத்தாழ 1,870 டொலர் விட்டுப் போனார், 2024-இல் 1,540 அளவில். 2025-இல் ஆட்கள் சாதனை அளவில் வந்தும் வருமானம் 2018-ஐ எட்டவில்லை. என் சிறிய கணக்குப் புத்தகமும் இதையேதான் சொல்கிறது. 2018-இல் கடல் பக்க அறையை 40 டொலருக்குக் கொடுத்தேன். இப்போது 30-க்கு மேல் கேட்டால் அடுத்த வீட்டுக்குப் போய்விடுகிறார்கள். ரூபாயில் பார்த்தால் கூடின மாதிரித் தெரியும், ஏனென்றால் 2022 தொடக்கத்தில் 200 ரூபாயாக இருந்த டொலர் அந்த மே மாதம் 360-ஐத் தொட்டு, பிறகு 300 பக்கம் வந்து நிற்கிறது. ஆனால் செலவு அதைவிட வேகமாக ஓடியது. 2022 செப்டெம்பரில் உணவுப் பணவீக்கம் 90 வீதத்துக்கு மேல். மின்கட்டணத்தை 2022 ஓகஸ்டில் சராசரியாக 75 வீதமும், ஆறு மாதம் கழித்து இன்னும் 66 வீதமும் கூட்டினார்கள். ஏசி அறை வைத்திருக்கிறவர்களுக்கு அந்த பில் எப்படி வந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். இரண்டாவது தடவை பில்லைப் பார்த்துவிட்டு கணவர் இரண்டு அறைகளில் ஏசியைக் கழற்றிவிட்டு மின்விசிறி அறைகளாக மாற்றினார்.

கடன் இன்னொரு பக்கம். 2018 நல்ல வருடம் என்பதால் அந்த வருடக் கடைசியில் கடன் எடுத்துத்தான் ஏசியும் சுடுநீரும் போட்டோம். எங்களைப் போல அப்போது கடன் எடுத்தவர்கள் இந்தக் கரையில் நிறையப் பேர். 2019 தாக்குதலுக்குப் பிறகு சுற்றுலாத் துறைக்குத் தவணைச் சலுகை கிடைத்தது, கொரோனாவில் அது நீட்டப்பட்டது. அந்த நேரத்தில் அது மூச்சு விட வைத்தது, உண்மைதான். ஆனால் கட்டாத மாதங்களின் வட்டி எங்கேயும் போகவில்லை, கணக்கில் சேர்ந்துகொண்டே இருந்தது. 2022 ஏப்ரலில் மத்திய வங்கி, மற்ற வட்டிகளுக்கு அடிப்படையான கொள்கை வட்டியை ஒரே நாளில் 7 வீதப் புள்ளிகள் உயர்த்தியது. சலுகை முடிந்து தவணை மறுபடி தொடங்கியபோது நாங்கள் வாங்கிய தொகையைவிடக் கட்ட வேண்டிய முதல் கூடுதலாக இருந்தது. நீதிமன்றம் போகாமலே அடகுச் சொத்தை வங்கி ஏலம் விடும் ‘பராட்டே’ அதிகாரத்தை 2024-இல் கொஞ்சக் காலம் நிறுத்தி வைத்தார்கள். அந்த நிறுத்தம் இல்லாமல் இருந்திருந்தால் இந்தக் கரையில் சில விடுதிப் பலகைகள் இப்போது இருக்காது.

என் மனதை அதிகம் வருத்துவது பணம் இல்லை, ஆட்கள்தான்.

இலங்கையில் ஹோட்டல் தொழிலாளிக்கு அடிப்படைச் சம்பளம் சின்னது. பில்லில் போடும் 10 வீத சர்விஸ் சார்ஜ், அதுக்கு மேல் டிப்ஸ், இரண்டையும் நம்பித்தான் வீடு ஓடும். அறை காலியாக இருந்தால் சம்பளத்தின் பெரிய பங்கு தானாகவே இல்லாமல் போய்விடும். நான்கு சீசன் இப்படிப் போனால் யார் இருப்பார்கள்? 2022-இல் மட்டும் 3 இலட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் நாட்டை விட்டு வேலைக்குப் போனார்கள். அதில் சமையல்காரரும் வெயிட்டரும் எத்தனை பேர் என்று இந்தத் தொழிலில் இருக்கிற எல்லாருக்கும் தெரியும். மாலைதீவு, டுபாய், கட்டார். எங்கள் சமையல்காரத் தம்பி ஆறு வருடம் எங்களோடு இருந்தவர். சுறாப் புட்டும் செய்வார், வெள்ளைக்காரருக்கு ஏற்ற மாதிரி உறைப்புக் குறைத்த நண்டுக் கறியும் செய்வார். புறப்படும்போது சொன்னார்: “அக்கா, சீசன் நேரம் நல்லாத்தான் இருக்கு. மிச்ச ஏழு மாசமும் பிள்ளைகளுக்கு நான் என்னத்தைக் குடுக்கிற?” என்னிடம் பதில் இல்லை. இப்போது மாலைதீவில் ஒரு தீவு ஹோட்டலில் இருக்கிறார்.

கொழும்பில் ஐடிசி ரத்னதீப ஹோட்டல் 2024-இல் திறந்தது. ஒரு பில்லியன் டொலருக்கும் மேல் போட்ட சினமன் லைஃப் ஹோட்டல் வளாகமும் அதே வருடம் திறந்தது. அவற்றுக்கும் ஆயிரக்கணக்கில் பயிற்சி பெற்ற ஆட்கள் வேண்டும். நல்லது, வரட்டும், நாட்டில் வேலை உண்டாகிறது. ஆனால் நாங்கள் பழக்கிவிடும் பிள்ளைகள் ஒரு வருடத்தில் அங்கே போய்விடுகிறார்கள். நான் அவர்களைத் தடுப்பதில்லை, சேவைக் கடிதம் எழுதிக் கொடுத்து அனுப்புகிறேன்.

வருகிறவர்களும் மாறிவிட்டார்கள். 2018-இல் 64 ஆயிரம் அளவில் வந்த ரஷ்யர்கள் 2024-இல் 2 இலட்சத்தைத் தாண்டினார்கள். சீனர்கள் அதே காலத்தில் பாதியாகக் குறைந்தார்கள். முதல் இடம் அன்றும் இன்றும் இந்தியாதான், 2024-இல் 4 இலட்சத்து 17 ஆயிரம், ஐந்தில் ஒருவர். சென்னையிலிருந்து யாழ்ப்பாணத்துக்கு விமானம் 2022 டிசம்பரில் மறுபடி தொடங்கியதும், நாகப்பட்டினம் - காங்கேசன்துறைக் கப்பல் 2023-இல் வந்ததும் எங்களுக்குப் புதிய வழி. யாழ்ப்பாணத்தில் இறங்கி, நல்லூர் பார்த்து, கோணேசர் கோவிலுக்கும் கன்னியா வெந்நீரூற்றுக்கும் வருகிற தமிழ்நாட்டுக் குடும்பங்கள் இப்போது உண்டு. மழைக் காலத்திலும் கோவில் திறந்திருக்கும் என்பது எனக்குப் பெரிய ஆறுதல். அவர்களுக்காக மரக்கறிச் சமையலுக்குத் தனிப் பாத்திரங்கள் வாங்கி வைத்திருக்கிறேன். இரண்டு இரவுக்கு மேல் தங்க மாட்டார்கள், ஆனால் போனவர் சொல்லி அடுத்தவர் வருவார்.

எந்தச் செய்தியிலும் வராத இன்னொரு கூட்டம் இருக்கிறது, உள்ளூர் ஆட்கள். வருகைக் கணக்கு விமான நிலையத்தில் எண்ணுவது, ஆகவே கண்டியிலிருந்தும் கொழும்பிலிருந்தும் போயா (பௌர்ணமி) விடுமுறைக்கு வருகிற குடும்பங்கள் அதில் இல்லை. 2020 கடைசியிலும் 2023-இலும் எங்கள் அறைகளைத் திறந்து வைத்தவர்கள் அவர்கள்தான். சிங்களம் பேசுகிற ஒரு அம்மா தன் பிள்ளைகளோடு மூன்று வருடமாக ஓகஸ்ட் விடுமுறைக்கு எங்களிடம்தான் வருகிறார். வரும்போது மாம்பழம் கொண்டு வருவார், போகும்போது நான் கருவாடு கட்டிக் கொடுப்பேன். இந்தத் தொழிலை ஏன் விடவில்லை என்று யாராவது கேட்டால் இப்படியான ஆட்களைத்தான் சொல்வேன்.

2025 நவம்பர் கடைசியில் டித்வா புயல் வந்தது. 600-க்கும் மேற்பட்ட உயிர்கள் போயின, மலையக ரயில் பாதை பல இடங்களில் உடைந்தது. இந்தத் தடவை சீசன் வாசலில் அடி வாங்கியது மலைநாட்டில் எல்ல, கண்டி, நுவரெலியாப் பக்கத்து விடுதிக்காரர்கள். முன்பதிவு ரத்தாகி ரத்தாகிப் போனை எடுக்கவே பயப்படுகிற அந்த நாட்கள் எனக்குத் தெரியும். அவர்களுக்குத் தவணைச் சலுகை கொடுக்கிறவர்கள் வட்டியை முதலோடு சேர்க்காமல் கொடுக்க வேண்டும். கிழக்குக்காரருக்குத் தவணையை மாதாமாதம் கேட்காமல் மே முதல் செப்டெம்பர் வரைக்குள் கேட்கிற மாதிரி அமைக்க வேண்டும். இரண்டையும் நான் போகிற கூட்டங்களில் எல்லாம் சொல்லிக்கொண்டுதான் இருக்கிறேன்.

ஆகவே உங்கள் கேள்விக்கு: ஆட்கள் திரும்பி வந்துவிட்டார்கள். வருமானம் பாதி வழியில் இருக்கிறது. தொழில் தெரிந்த கைகள் இன்னும் வரவில்லை. எங்களிடம் ஆறு அறைகளில் ஐந்து திறந்திருக்கிறது. ஆறாவதற்கு ஓடு மாற்ற வேண்டும், இந்த சீசன் ஜூலை வரை நன்றாகப் போனால் மாற்றிவிடுவோம். மாலைதீவில் இருக்கிற தம்பி போன வாரம் வீடியோ கோலில் வந்தார். சமையலறையைக் காட்டச் சொன்னார், காட்டினேன். அடுப்புக்குப் பக்கத்தில் அவருடைய பெரிய அகப்பை தொங்குகிறதா என்று பார்த்தார். தொங்குகிறது. ஒப்பந்தம் இன்னும் ஒன்றரை வருடம் என்றார்.