லோமு வெறும் உடம்புதானா? – கடிதம்

அன்புள்ள சார்,

விளையாட்டு பற்றிய கட்டுரையில் நியூசிலாந்து ரக்பி வீரர் ஜோனா லோமுவைப் போகிற போக்கில் மேதை என்று சொல்லியிருந்தீர்கள். யூடியூபில் பார்த்தேன். ஆறடி ஐந்தங்குல ஆள், எதிரில் வருபவர்களை இடித்துத் தள்ளிவிட்டு ஓடுகிறார், அவ்வளவுதான். உலகக் கோப்பையும் வென்றதில்லை, தென்னாப்பிரிக்காவுக்கு எதிராக ஒரு ட்ரைகூட (எதிரணியின் கோட்டைத் தாண்டிப் பந்தைத் தரையில் வைத்துப் புள்ளி எடுப்பது) இல்லையாம். இதில் மேதைமை எங்கே?

ஆர்., திருப்பூர்

அன்புள்ள ஆர்.,

நீங்கள் பார்த்தது 1995 உலகக் கோப்பை அரையிறுதியாகத்தான் இருக்கும். கேப் டவுனில் இங்கிலாந்துக்கு எதிராக நான்கு ட்ரை. முதல் ட்ரையில் இங்கிலாந்து வீரர் மைக் கேட் மீது ஏறி மிதித்துக்கொண்டே போவாரே, எல்லாரும் அதைத்தான் பார்க்கிறார்கள். அதற்கு முந்தைய சில நொடிகளைப் பாருங்கள். பந்து வசதியாக வரவில்லை. எடுத்துத் திரும்பி, டோனி அண்டர்வுட்டை வெளிப்பக்கமாகச் சுற்றிக் கடக்கிறார். வில் கார்லிங் காலைத் தட்டிவிடுகிறார். தடுமாறி, கிட்டத்தட்ட விழப்போகிற நிலையில்தான் மைக் கேட் மீது மோதுகிறார். ஏறக்குறைய 120 கிலோ உடம்பை அந்த வேகத்தில், அந்தத் தடுமாற்றத்தில் நிமிர்த்திக்கொள்வது வெறும் பலத்தால் நடக்காது. அப்போது அவருக்கு வயது 20.

தென்னாப்பிரிக்கா விஷயம் உண்மைதான். அதே கோப்பையின் ஜோகன்னஸ்பர்க் இறுதி ஆட்டத்தில் தென்னாப்பிரிக்காவின் யூஸ்ட் ஃபான் டர் வெஸ்ட்ஹைசன் குனிந்து காலைப் பிடித்துச் சாய்த்தார். கூடுதல் நேரம் வரை போய், நியூசிலாந்து 15-12 என்று தோற்றது. ஆனால் மைதான ஓரத்தில் ஓடும் ஒரு விங் ஆட்டக்காரரை எப்படி நிறுத்துவது என்று ஓர் அணியே மண்டையை உடைத்துக்கொண்டது என்றால், அதை அவர் குறையாக நான் எழுதமாட்டேன்.

கோப்பைக் கணக்கு பார்க்கிறவர்கள் இன்னொன்றையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். அதே 1995 கடைசியில் அவருக்குக் கடுமையான சிறுநீரக நோய் இருப்பது தெரிந்தது. நன்றாக ஆடியதெல்லாம் அதற்கு முன்பு என்று நினைத்துவிடாதீர்கள். 1999 உலகக் கோப்பையில் மட்டும் 8 ட்ரை, 1995-இன் 7-ஐ விட ஒன்று கூடுதல்! மொத்தம் 15. அந்தச் சாதனையை 2015-இல் தென்னாப்பிரிக்காவின் பிரையன் ஹபானா சமன் செய்தார், தாண்டவில்லை. நியூசிலாந்துக்காக ஆடிய 63 டெஸ்டில் (ரக்பியில் நாடுகளுக்கு இடையிலான ஆட்டம்) 37 ட்ரை.

2003-இல் டயாலிசிஸ். 2004-இல் வெலிங்டன் வானொலி அறிவிப்பாளர் கிராண்ட் கெரியாமா கொடுத்த சிறுநீரகம். சரி, இனி வீட்டில் இருப்பார் என்றுதானே நினைப்போம்? அடுத்த ஆண்டே வேல்ஸ் போய் கார்டிஃப் அணிக்கு ஆடினார். பழைய வேகம் இல்லை, தேசிய அணிக்குத் திரும்பவும் முடியவில்லை. 2015 நவம்பரில், 40 வயதில் இறந்தார்.

1999 அரையிறுதியையும் தேடிப் பாருங்கள். லோமு இரண்டு ட்ரை அடித்தும் பிரான்ஸ் 43-31 என்று வென்றது. அந்த இரண்டு ட்ரையையும் பார்த்துவிட்டு எழுதுங்கள்.