கிளப் கிளப்பாக மாறும் டிஃபெண்டரை யாரும் வைத்துக்கொள்ளவில்லை என்றுதானே அர்த்தம்?

"வருஷத்துக்கு ஒரு கிளப் மாறுகிற ஃபுட்பால் டிஃபெண்டரை எந்தக் கிளப்பும் வைத்துக்கொள்ள விரும்பவில்லை என்றுதானே அர்த்தம்? அப்படி ஒரு பிழைப்பு ஒருத்தனுக்குத் தேவையா?" என்று கேட்டிருக்கிறீர்கள். கேள்வியின் தொனியைப் பார்த்தால், உங்கள் வீட்டில் பத்தொன்பது இருபது வயதில் ஒரு பையன் இருக்கிறான், காலேஜைப் பாதியில் விட்டுவிட்டு கொல்கத்தா டிரையலுக்குப் போகிறேன் என்று ஒற்றைக்காலில் நிற்கிறான், நீங்கள் அண்ணனோ மாமாவோ, அவனை உட்காரவைக்க ஒரு காரணம் தேடுகிறீர்கள் என்று தோன்றுகிறது. நான் நினைப்பது தப்பாக இருந்தால் விட்டுவிடுங்கள்.

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நான் இந்தியாவுக்கு ஆடியவன் இல்லை. ஐஎஸ்எல்லில், அதாவது இந்தியன் சூப்பர் லீக்கில், ஆடியவனும் இல்லை. "நீ யார் பெரிய இவன்" என்று கீழே எழுத வருகிறவர்களுக்கு அந்த வேலை மிச்சம். குமரி மாவட்டக் கடற்கரைக்காரன், ஸ்டாப்பர் பேக், அதாவது கோலுக்கு முன்னால் நடுவில் நிற்கும் டிஃபெண்டர். சென்னை லீக், கொல்கத்தா, கோவா, தேசிய லீக்கான ஐ-லீக்கின் இரண்டாம் டிவிஷன், இடையிடையே கேரளாவில் மலப்புறம் செவன்ஸ், அதாவது அணிக்கு ஏழு பேர் ஆடும் ஃபுட்பால். முழங்கால் இனி முடியாது என்று சொல்லும்வரை இதில்தான் சோறு தின்றேன், தங்கைக்குக் கல்யாணம் செய்தேன். இரண்டு சீசன் தொடர்ந்து ஒரே ஜெர்சி போட்டது ஒரே ஒரு இடத்தில்தான். ஆகவே "வைத்துக்கொள்ளவில்லை" என்ற உங்கள் சொல் கொஞ்சம் சுட்டது. அதனால்தான் இவ்வளவு நீளம்.

எங்கள் ஊர்ப்பக்கம் கல்யாணச் சமையல் மாஸ்டர் இந்த வாரம் ஒரு வீட்டில் இருப்பார், அடுத்த வாரம் இன்னொரு வீட்டில். போன வீட்டுக்காரர்கள் அவரை வைத்துக்கொள்ளவில்லை என்று யாரும் பேசுவதில்லை. எங்களை மட்டும் அப்படிப் பேசுகிறார்கள்.

சரி, கிளப் எங்களை வைத்துக்கொள்வது இருக்கட்டும். கிளப்பே நிலைத்து நின்றால்தானே? 1996-97ல் தேசிய கால்பந்து லீக் தொடங்கியபோது முதல் கோப்பையைத் தூக்கியது ஜேசிடி. 2011ல் அந்த அணியையே கலைத்துவிட்டார்கள். மஹிந்திரா யுனைடெட் 2005-06 சாம்பியன், 2010ல் மூடுவிழா. 2016ல் சல்காவ்கரும் ஸ்போர்ட்டிங் கோவாவும் ஐ-லீக்கை விட்டு விலகின. நம்ம சென்னை சிட்டி 2018-19ல் ஐ-லீக் கோப்பையையே கொண்டுவந்தது. இன்றைக்கு தேசிய லீக் எதிலும் அந்தப் பெயரைக் காணோம். 2025 ஜூலையில் ஐஎஸ்எல்லையே நிறுத்திவைத்தார்கள். லீக்கை நடத்தும் நிறுவனத்துக்கும் இந்தியக் கால்பந்துக் கூட்டமைப்புக்கும் இடையிலான ஒப்பந்தம் டிசம்பரில் முடிகிறது, அடுத்து என்ன என்று தெரியவில்லை என்றார்கள். லீக்குக்கே இந்த நிலை. இதில் ஒரு டிஃபெண்டர் ஏன் ஒரே இடத்தில் இருக்கவில்லை என்று கேட்டால் நான் என்ன சொல்ல?

இன்னொன்று, ஸ்டாப்பருக்கென்றே உள்ள தலைவலி. 2014ல் ஐஎஸ்எல் தொடங்கியபோது களத்தில் ஆறு வெளிநாட்டுக்காரர்கள் ஆடலாம். 2017-18ல் அதை ஐந்தாக்கினார்கள், 2021-22ல் நான்காக்கினார்கள். அந்த இடங்களைப் பெரும்பாலும் கிளப்கள் ஓரத்தில் ஆடும் விங் பேக்குக்குச் செலவு செய்யாது. ஒரு ஸ்ட்ரைக்கர், நடுக்களத்தில் ஒருத்தர் இரண்டு பேர், அப்புறம் பெரும்பாலும் இரண்டு ஸ்டாப்பர்களில் ஒருத்தர். மிச்சம் இருக்கிற ஒரே ஸ்டாப்பர் இடத்துக்கு நாடு முழுக்க இருந்து ஆள் வருவார்கள். இடம் கிடைக்காதவர் வலது பேக் ஆகப் பார்ப்பார், அல்லது ஒரு படி கீழே இறங்குவார். இதைச் சொன்னால் "வெளிநாட்டுக்காரனைக் குறை சொல்லித் தப்பிக்கிறான்" என்பார்கள். தப்பிக்கவில்லை. என்னோடு நின்ற வெளிநாட்டு ஸ்டாப்பர்களில் பாதிப்பேர் என்னைவிட நல்ல ஆட்டக்காரர்கள்தான். மீதிப்பேரைப் பற்றி நான் பேசவில்லை.

பெரிய பெயர்தான் வேண்டும் என்றால் இந்தியாவுக்கு ஆடிய ஸ்டாப்பர் அனஸ் எடத்தொடிகாவைப் பாருங்கள். மலப்புறம் பக்கம் கொண்டோட்டிக்காரர், சின்ன வயதில் ஆட்டோ ஓட்டியவர். மும்பை எஃப்சி, புனே எஃப்சி, டெல்லி டைனமோஸ், மோகன் பகான், ஜாம்ஷெட்பூர், கேரளா பிளாஸ்டர்ஸ், ஏடிகே, கோகுலம் என்று ஆடியவர். இந்தியாவுக்கு முதல் ஆட்டம் ஆடியபோது வயது 30. அதே 2017ல் ஐஎஸ்எல் டிராஃப்டில், அதாவது கிளப்கள் முறைவைத்து ஆள் எடுக்கும் தேர்வில், முதல் ஆளாக அவரைத்தான் எடுத்தார்கள். இத்தனை கிளப் மாறியவரை வேண்டாம் என்று சொன்னது யார்?

இப்போது என் கதைக்கு வருகிறேன். ஒரு ஜனவரியில் கொல்கத்தாவிலிருந்து போன். கிளப் பெயர் வேண்டாம். அவர்களுடைய ஸ்டாப்பருக்கு முழங்கால் லிகமென்ட் போய்விட்டது, டேபிளில் கடைசிக்குப் பக்கத்தில் இருக்கிறார்கள், உடனே வரணும். அன்று ராத்திரியே ரயில் ஏறிவிட்டேன். பிளேயர்கள் தங்கும் வீட்டில் எனக்கு ஒதுக்கிய அறைக்குப் போனால், அந்தக் காயம்பட்ட பையனே அங்கே படுத்திருக்கிறான். மணிப்பூர்க்காரன், கால் முழுக்க பிரேஸ். நான் வந்திருப்பது அவன் இடத்துக்கு. என்ன பேசுவது என்று தெரியாமல் பையைக் கீழே வைத்தேன்.

அவனே ஆரம்பித்தான். உட்காரச் சொன்னான். போர்வையைச் சுருக்கம் இல்லாமல் இழுத்துவிட்டு, அதில் விரலால் பெனால்டி பாக்ஸ் வரைந்தான். "கீப்பர் கத்த மாட்டான் பையா, ஆனா வருவான். பந்து ஆறு கஜத்துக்குள்ள விழுந்தா நீ தொடாதே, முட்டிக்குவீங்க. இடது பேக் மேல போனா திரும்பி வர மாட்டான், அந்தப் பக்கம் எப்பவும் ஒரு கண்ணு வை. உன் கூட ஸ்டாப்பரா நிக்கிற நைஜீரியா அண்ணன் தலைப்பந்து எல்லாத்தையும் எடுத்துக்குவார். தரையில வர்ற பந்துன்னா திரும்ப நேரம் ஆகும். நீ அவர் கூட ஒரே கோட்டில நிக்காதே. ரெண்டு கஜம் பின்னாடி நில்லு, கோச் திட்டினா திட்டட்டும்." உடைந்த இந்தியில் அரை மணி நேரத்துக்கு மேல் பேசினான். எதிரணி ஸ்ட்ரைக்கர்கள் யார் யார் எந்தக் கால்காரன், எந்த ரெஃபரி முதல் ஃபவுலுக்கே மஞ்சள் அட்டை எடுப்பார் என்பதுவரை.

மூன்றாம் நாள் மேட்ச். நான் அணியோடு பயிற்சி செய்ததே ஒரு மாலைதான். டிஃபெண்டர் வேலையில் பாதி காலில் இல்லை, வாயில் இருக்கிறது. யார் ஏறுவது, யார் பின்வாங்குவது, ஆளை யாரிடம் ஒப்படைப்பது என்று தொண்ணூறு நிமிஷமும் கத்திக்கொண்டே இருக்க வேண்டும். பழகிய நாலு பேர் என்றால் கத்தாமலே நடக்கும். புதிதாக வந்தவனுக்கு அந்த வசதி கிடையாது. நைஜீரியாக்காரரோடு பேச எனக்கு ஆங்கிலம் பத்தாது. ஆகவே கார்னர் நேரத்தில் அவர் முதுகில் கை வைப்பேன்: ஒரு தட்டு என்றால் முன்னால் இருப்பவன் உன்னுடையவன், கையை எடுத்துவிட்டால் நான் பார்த்துக்கொள்கிறேன். யாரும் சொல்லிக்கொடுத்ததில்லை, முதல் கார்னரிலேயே அவருக்குப் புரிந்துவிட்டது. இடது பேக் சொன்னபடியே மேலே போனான், சொன்னபடியே திரும்பி வரவில்லை. அந்தப் பக்கம் நான் ஏற்கெனவே நின்றிருந்தேன். ஆட்டம் கோல் இல்லாமல் டிரா. மறுநாள் பேப்பரில் எங்கள் ஸ்ட்ரைக்கர் கோட்டைவிட்ட வாய்ப்பைப் பற்றி எழுதியிருந்தார்கள். டிஃபெண்டர் பெயர் பேப்பரில் வர வேண்டும் என்றால் ஒன்று சேம்சைடு கோல் போட வேண்டும், இல்லையென்றால் சிவப்பு அட்டை வாங்க வேண்டும்.

அந்த சீசன் நாங்கள் கீழே இறங்காமல் தப்பித்தோம். சீசன் முடிந்ததும் ஸ்பான்சர் விலகினார், கோச் வேறு இடத்துக்குப் போனார், போகும்போது என்னையும் வலது பேக்கையும் அழைத்துக்கொண்டு போனார். வெளியிலிருந்து பார்ப்பவருக்கு இது "மறுபடியும் கிளப் மாறிவிட்டான்". எங்கள் வேலையில் இதைவிடப் பெரிய சிபாரிசு கிடையாது. அந்த மணிப்பூர்ப் பையன்தான் பாவம். ஆபரேஷனுக்கு யார் பணம் கட்டுவது என்று கிளப்பும் அவனும் மாதக்கணக்கில் இழுத்துக்கொண்டிருந்தார்கள். ஒப்பந்தத்தில் அது பற்றி ஒரு வரி இல்லை. அப்புறம் அவன் பெரிய ஆட்டம் ஆடவில்லை.

பணம் பற்றி. வரும், ஆனால் சொன்ன தேதிக்கு வராது. கடைசி இரண்டு மாதச் சம்பளம் பாக்கி என்பது இந்தத் தொழிலில் பலருக்கும் நடந்தது, எனக்கும் நடந்தது. 2018ல் ஃபிஃபா ஒரு விதி கொண்டுவந்தது: இரண்டு மாதச் சம்பளம் பாக்கி இருந்தால் எழுத்துமூலம் 15 நாள் அவகாசம் கொடுத்து, அப்போதும் வராவிட்டால் ஆட்டக்காரர் ஒப்பந்தத்தை முறித்துக்கொண்டு போகலாம், நஷ்ட ஈடும் கேட்கலாம். கூட்டமைப்பிலும் புகார் கொடுக்க ஒரு கமிட்டி இருக்கிறது. ஆனால் புகார் கொடுக்கக் கையெழுத்துப் போட்ட ஒப்பந்த நகல் கையில் இருக்க வேண்டுமே! "ஆபீஸ்ல இருக்கு, அப்புறம் தர்றேன்" என்று சொல்வார்கள். தர மாட்டார்கள். சின்ன கிளப்களில் ஒப்பந்தம் சீசனோடு முடிந்துவிடும், அப்புறம் அடுத்த சீசன்வரை கை காலி. செவன்ஸ் எங்களைக் காப்பாற்றியது அங்கேதான். ராத்திரி லைட் வெளிச்சம், சுற்றிலும் கேலரி நிறைய ஜனம், ஆட்டம் முடிந்ததும் கையில் காசு. கூட்டமைப்பு அதை அங்கீகரிக்காது, ஒப்பந்தத்தில் இருப்பவர் ஆடினால் கிளப்பும் சும்மா விடாது. அதனால் பலர் வேறு பெயரில் ஆடினார்கள். நான் ஆடினேனா என்று கேட்காதீர்கள்.

கேள்விக்குச் சம்பந்தம் இல்லைதான், இருந்தாலும் சொல்லிவிடுகிறேன். ஆட்டம் நின்றபிறகு ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் ஒரு அரசு அலுவலகத்துக்கு விண்ணப்பித்தேன். ஒப்பந்தங்கள், அணிப் படங்கள், மேட்ச் ஷீட் எல்லாம் ஃபைல் போட்டு எடுத்துப்போனேன். எதிரே இருந்தவர் ஒவ்வொன்றாகப் புரட்டிவிட்டு, "இதெல்லாம் கிளப். ஃபார்ம் டூ இருக்கா?" என்றார். அதாவது மாநிலத்துக்காகத் தேசியப் போட்டியில் ஆடியதற்கு மாநிலச் சங்கம் தரும் சான்றிதழ். மாநில அணிகள் மோதும் சந்தோஷ் டிராஃபிக்குக் கேம்ப் நடந்த நேரம் எல்லாம் நான் ஏதோ ஒரு ஊரில் சம்பளத்துக்கு ஆடிக்கொண்டிருப்பேன், கிளப் விடாது. பல்கலைக்கழக அணிக்கு ஆடியவருக்கு ஃபார்ம் த்ரீ, பள்ளித் தேசியப் போட்டிக்கு ஃபார்ம் ஃபோர். தொழிலாகவே ஆடியவனுக்கு மட்டும் ஃபார்ம் இல்லை! என்னோடு ஊர்த் திருவிழா டூர்னமென்டில் சப்ஸ்டிடியூட்டாக உட்கார்ந்திருந்தவன் பள்ளிச் சான்றிதழ் வைத்து இன்று நிரந்தர வேலையில் இருக்கிறான். அவன் மேல் கோபம் இல்லை, நல்லவன், பார்த்தால் "என்ன மக்கா" என்று டீ வாங்கிக்கொடுப்பான். அனஸே தனக்கு அரசு வேலை கிடைக்கவில்லை என்று வெளிப்படையாக வருத்தப்பட்டார். இந்தியாவுக்கு ஆடியவருக்கே அப்படி, எனக்கு எம்மாத்திரம்.

ஆகவே உங்கள் பையனுக்கு: இந்த வயதில் சந்தோஷ் டிராஃபி கேம்புக்கோ பல்கலைக்கழக அணிக்கோ அழைப்பு வந்தால் அதை விடச் சொல்லாதீர்கள், சான்றிதழைக் கையில் வாங்கிய பிறகு கொல்கத்தா போகட்டும். டிகிரியைத் தபாலிலாவது முடிக்கட்டும். சென்னை லீக்கில் இந்தியன் வங்கி, ஐசிஎஃப், வருமான வரி, தென்னக ரயில்வே என்று அலுவலக அணிகள் ஆடியிருக்கின்றன. அப்படி ஒரு இடத்தில் ஆள் எடுக்கிறார்கள் என்றால் பெரிய கிளப் கனவைக் காட்டி அதைத் தள்ளிப்போட வேண்டாம். எந்தக் கிளப்பில் கையெழுத்துப் போட்டாலும் அங்கேயே நகல் வாங்கணும், காயம்பட்டால் வைத்தியச் செலவு யாருடையது என்ற வரி அதில் இருக்கணும். இல்லை என்றால் எழுதச் சொல்லணும். எழுத மாட்டேன் என்றால் அந்தக் கிளப் வேண்டாம்.

பையன் எந்தக் கால்காரன் என்று நீங்கள் சொல்லவில்லை. இடது கால் ஸ்டாப்பர் என்றால் கோச்கள் தேடி அலைகிறார்கள். அப்படியானால் டிரையலுக்குப் போகவிட்டுவிடுங்கள், மற்றதை அப்புறம் பேசிக்கொள்ளலாம்.