டூ கன்ஸ் பாழானது சாபத்தாலா?

அமெரிக்காவின் அரிசோனா பாலைவனத்தில், ரூட் 66 என்ற பழைய நெடுஞ்சாலையோரம் இருந்த ‘டூ கன்ஸ்’ என்ற கடையின் வரலாறு என்ன, அது சாபத்தால் அழிந்தது என்கிறார்களே, உண்மையா என்று கேட்டிருக்கிறீர்கள். அந்த இடத்தை இரண்டு முறை சுற்றிப் பார்த்திருக்கிறேன். சாபப் பேச்சை நான் ஏற்பதில்லை. அதை வாழவைத்ததும் சாலை, கைவிட்டதும் சாலை.

ஃபிளாக்ஸ்டாஃப் நகரிலிருந்து கிழக்கே ஏறக்குறைய 50 கிலோமீட்டர். கண்ணுக்கெட்டிய வரை தட்டையான தரை. நடந்துகொண்டே இருக்கும்போது காலடியில் பூமி பிளந்து கிடக்கும். அதுதான் கேன்யன் டியாப்லோ, சாத்தானின் பள்ளத்தாக்கு. 1915 வாக்கில் இதன் குறுக்கே ஒரு கான்கிரீட் பாலம் கட்டினார்கள். அந்தப் பக்கம் போகிற கார்களெல்லாம் இந்த ஒரு பாலத்துக்கு வந்தாக வேண்டும். கடை போட இதைவிட நல்ல இடம் எது?

இப்பகுதியின் பூர்வகுடிகளான நவாஹோ மக்கள் ஆட்டு ரோமம், கம்பளம், வெள்ளி நகைகளைக் கொடுத்து மாவும் காப்பித்தூளும் சர்க்கரையும் வாங்கிச் சென்ற பண்டமாற்றுக் கடைகள்தாம் ‘டிரேடிங் போஸ்ட்’. கார்கள் பெருகியதும் சாலையோரத்துக் கடைகள் பெட்ரோல், சாப்பாடு, நினைவுப்பொருள் என்று மாறிக்கொண்டன. ஏர்ல் கண்டிஃப், லூயிஸ் தம்பதி 1920-களின் தொடக்கத்தில் இங்கே நிலம் வாங்கி அப்படியொரு கடை நடத்தினார்கள். 1925-ல் ஹாரி மில்லர் என்பவர் அந்த நிலத்தில் ஒரு பகுதியைக் குத்தகைக்கு எடுத்தார். தன்னை அப்பாச்சே என்ற இன்னொரு பூர்வகுடி வம்சத்தவர் என்று சொல்லிக்கொண்டு, தலைமுடியை நீளமாகப் பின்னிப் போட்டுக்கொண்டவர்.

பள்ளத்தாக்கின் விளிம்பில் கல் கூண்டுகள் கட்டி, பூமா எனப்படும் மலைச்சிங்கங்களை அடைத்துக் காட்டினார். அதுகூடப் பரவாயில்லை. அங்கே ஒரு குகை இருக்கிறது. 1878-ல் நவாஹோக்கள் அதன் வாயிலில் தீ மூட்ட, உள்ளே ஒளிந்திருந்த 42 அப்பாச்சேக்கள் மூச்சுமுட்டி இறந்தார்கள் என்று சொல்லப்படுகிறது. மில்லர் அந்தக் குகையைச் சுத்தம் செய்து, விளக்குப் போட்டு, டிக்கெட் வைத்துச் சுற்றிக்காட்டினார். உள்ளே கிடைத்த மண்டையோடுகளை நினைவுப்பொருளாக விற்றார். யாரோ பெற்ற பிள்ளைகளின் எலும்புகள் அவை. இதைப் படித்த நாளிலிருந்து என்னால் மறக்க முடியவில்லை.

1926 மார்ச்சில் குத்தகைத் தகராறு முற்றி, கையில் ஆயுதம் இல்லாத கண்டிஃபை மில்லர் சுட்டுக் கொன்றார். தற்காப்புக்காகச் சுட்டதாக வாதாடி விடுதலையும் ஆனார். அதே ஆண்டு நவம்பரில்தான் அந்தச் சாலைக்கு 66 என்ற எண் கிடைத்தது. வியாபாரம் சூடுபிடிக்க வேண்டிய நேரத்தில் கணவர் மண்ணுக்குள், கொன்றவர் அதே நிலத்தில். லூயிஸ் அந்த நாட்களை எப்படிக் கழித்திருப்பார்! 1929-ல் கடை தீப்பிடித்தது. அடுத்த ஆண்டு மில்லர் இடத்தைக் காலி செய்துகொண்டு நியூ மெக்சிகோ எல்லைப் பக்கம் போய்விட்டார். லூயிஸ் போகவில்லை. மறுமணம் செய்துகொண்டு, 1930-களில் சாலை புதிய பாலத்துக்கு மாறியபோது அதன் ஓரமாகவே புதுக் கடை கட்டினார். இந்த வரலாற்றில் என் மதிப்புக்குரியவர் அவர்தான்.

அதன்பின் கை மாறி மாறிப் போயிற்று. 1960-களில் பெட்ரோல் பங்க், முகாம் மைதானம் என்று ஒருமுறை தலைதூக்கியது. 1971-ல் மறுபடி தீ. அதற்குள் ஐ-40 விரைவுச்சாலை வந்துவிட்டது. 66-ல் மெதுவாக வந்த வண்டி கடையைப் பார்த்து நிற்கும். விரைவுச்சாலையில் வருபவருக்குக் கடை கண்ணில் படுவதற்குள் சாலையிலிருந்து வெளியேறும் இறக்கம் தாண்டிவிடும். இந்தச் சாலை நெடுகிலும் இப்படிச் செத்த கடைகள் உண்டு. அவற்றுக்கெல்லாம் யார் சாபமிட்டார்கள்? எல்லாவற்றையும் குகையில் இறந்தவர்களின் ஆவியின் தலையில் கட்டிவிட்டால், கொலையும் எலும்பு வியாபாரமும் மனிதர்கள் செய்தவை என்பது மறைந்துபோகிறது.

இன்று போனால் கல் சுவர்கள் கூரையில்லாமல் நிற்கின்றன. ‘மலைச்சிங்கங்கள்’ என்று ஆங்கிலத்தில் பெரிதாக எழுதிய சுவரில் எழுத்துகளை இன்னும் வாசிக்கலாம். கூண்டின் உள்பக்கம் கை நீட்டினால் எதிர்ச் சுவர் எட்டிவிடுமோ என்று தோன்றும் இடுக்கு. பழைய பாலம் ஒரு வண்டியே போகிற அகலம். அதன் மேல் நின்றால் காற்றுச் சத்தமும் விரைவுச்சாலை இரைச்சலும் தவிர வேறொன்றும் கேட்காது.

ஐ-40-ல் 230-ஆம் எண் இறக்கம். தண்ணீர் எடுத்துச் செல்லுங்கள், நிழலே கிடையாது. பாம்பு உண்டு, சுவர்கள் உதிர்கின்றன. குகைக்கு மட்டும் இறங்காதீர்கள். நானும் விளிம்பில் கொஞ்ச நேரம் நின்றுவிட்டுத் திரும்பினேன்.