பரணில் ஏற்றிய புத்தகங்களை இறக்கிவிடுங்கள், சார்

சார், போன சனிக்கிழமை மேற்படிப்பு ஆலோசனைக்கு மகளைக் கூட்டிக்கொண்டு வந்தபோது நீங்கள் முதலில் கேட்டது பியூசிக்கு (கர்நாடகத்தின் பிளஸ் டூ) அப்புறம் என்ன படிக்கலாம் என்று அல்ல. "உளவுத்துறை, போலீஸ் அத்துமீறல் என்று இந்த மாதிரிப் புத்தகமெல்லாம் படித்தால் நாளைக்கு பாஸ்போர்ட் வெரிஃபிகேஷனில் பிரச்சினை வருமா?" என்றுதான் கேட்டீர்கள். அவளும் பக்கத்தில் உட்கார்ந்திருந்ததால் வராது என்று ஒரு வார்த்தையில் முடித்துவிட்டேன். விவரமாகச் சொல்ல வேண்டியது நிறைய இருக்கிறது, அதற்குத்தான் இது.

பாஸ்போர்ட்டுக்குப் பார்ப்பது நீங்கள் கொடுத்த முகவரியும் விவரங்களும் சரியா, உங்கள் பேரில் வழக்கு ஏதாவது இருக்கிறதா என்பதைத்தான், அலமாரியில் என்ன புத்தகம் என்பதை அல்ல. நீங்கள் வேலை பார்ப்பது பாதுகாப்புத் துறை சார்ந்த நிறுவனம், கேட்டில் தினமும் செல்போனை ஒப்படைத்துவிட்டு உள்ளே போகிற மனிதர், உங்களுக்கு அந்தப் பயம் வருவது நியாயம்தான். ஆனால் அதற்காக அவள் புத்தகங்களை மூட்டை கட்டிப் பரணில் ஏற்றியது தேவையில்லாத வேலை.

அவள் பையில் தப்பிப் பிழைத்திருந்தவற்றில் ஒரு புத்தகத்தை வாங்கிப் புரட்டினேன், கவனித்தீர்களா? உளவு அமைப்புகளின் அத்துமீறல்களை விசாரிக்க 1975இல் அமெரிக்க செனட் அமைத்த சர்ச் கமிட்டி பற்றியது. சிஐஏவும் எஃப்பிஐயும் சொந்த நாட்டு மக்களின் கடிதங்களைப் பிரித்துப் படித்தது, மார்ட்டின் லூதர் கிங் தங்கிய ஹோட்டல் அறைகளில் ஒட்டுக்கேட்கும் கருவி வைத்தது எல்லாம் அந்தக் கமிட்டி வழியாகத்தான் ஊருக்கு முழுசாகத் தெரிந்தது. பக்கங்களுக்கு நடுவே அடையாளத்துக்கு பிஎம்டிசி பஸ் டிக்கெட்டுகளைச் செருகி வைத்திருக்கிறாள். சரி, அந்த வயதுப் பிள்ளை எங்கே டிக்கெட் வைக்கும், ஒற்றர்கள் சாகசம் செய்யும் இடத்தில்தானே என்று பார்த்தால், அங்கே ஒன்றுகூட இல்லை. பாதி டிக்கெட் கடைசியில் பொடி எழுத்தில் வரும் குறிப்புகளில் இருக்கிறது. ஓரத்தில் பென்சிலால் இரண்டு மூன்று இடத்தில் ஒரே கேள்வி: "இதற்கு யார் கையெழுத்துப் போட்டது?"

எனக்கு அது போதும். இதே புத்தகத்தைப் படித்துவிட்டு அந்தக் கருவி எப்படி வேலை செய்கிறது என்று கேட்கிற பிள்ளையை நான் சைபர் செக்யூரிட்டி, டிஜிட்டல் தடயவியல் பக்கம் அனுப்புவேன், தார்வாடிலேயே தேசிய தடயவியல் பல்கலைக்கழகத்தின் வளாகம் இருக்கிறது. கையெழுத்து யாருடையது என்று தேடுகிற பிள்ளை வக்கீல் ஆக வேண்டிய பிள்ளை.

நம் ஊர் உதாரணமே சொல்கிறேன். போன் ஒட்டுக்கேட்பு விவகாரத்தில் 1988இல் ராமகிருஷ்ண ஹெக்டே கர்நாடக முதல்வர் பதவியை விட்டு இறங்கினார், உங்களுக்கு நன்றாக ஞாபகம் இருக்கும். அப்புறம் 1996இல் உச்ச நீதிமன்றம், பியுசிஎல் என்ற மனித உரிமை அமைப்பு போட்ட வழக்கில், போனை ஒட்டுக்கேட்க வேண்டுமானால் உள்துறைச் செயலாளர் மட்டத்தில் உத்தரவு வேண்டும், அது இரண்டு மாதம்தான் செல்லும், நீட்டித்தாலும் மொத்தம் ஆறு மாதத்தைத் தாண்டக் கூடாது, அதை ஒரு குழு பரிசீலிக்க வேண்டும் என்று கட்டிப்போட்டது. உங்கள் மகள் ஓரத்தில் எழுதிய கேள்விதான் சார் அது. 2017 ஆகஸ்ட் 24 அன்று ஒன்பது நீதிபதிகள் அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று தீர்ப்பளித்தார்களே, அந்த வழக்கில் மனுதாரரான புட்டசாமி கர்நாடக உயர் நீதிமன்றத்தின் ஓய்வுபெற்ற நீதிபதி, பெங்களூர்க்காரர். வழக்குப் போட்டபோது எண்பதைத் தாண்டிய வயது.

படித்துக்கொண்டே போனால் பிள்ளை எங்கே போய் நிற்கும் என்று கேட்டீர்கள். பரணில் இருக்கிற 'சோளகர் தொட்டி' நாவலை எழுதிய ச. பாலமுருகன் ஒரு வக்கீல். வீரப்பன் தேடுதல் வேட்டையில் இரு மாநிலக் காட்டு மக்கள் பட்ட பாட்டைத்தான் எழுதினார். அந்தக் கொடுமைகளை விசாரித்த சதாசிவா குழுவுக்குப் பிறகு, 2007இல் மனித உரிமை ஆணையம் 89 பேருக்கு 2.80 கோடி ரூபாய் இடைக்கால நிவாரணம் தரச் சொன்னது. அந்த மாதிரி விசாரணையில் பழங்குடி அம்மா சொல்வதைக் கேட்டு மனுவாக எழுத ஆள் வேண்டும். உங்கள் மகளுக்குத் தமிழும் தெரியும், கன்னடமும் எழுதப் படிக்கத் தெரியும். இங்கே கீழமை நீதிமன்றங்களில் கன்னடம் இல்லாமல் காலம் தள்ள முடியாது. வீட்டில் தமிழ் மட்டும் பேசி வளர்ந்து கன்னடத்தில் தடுமாறுகிற எத்தனையோ நம் பிள்ளைகளைப் பார்க்கிறேன், இவளுக்கு அந்தக் கஷ்டம் இல்லை.

இப்போது பணம். ஒளிக்காமல் சொல்கிறேன், ஆரம்ப வருடங்கள் சுமார்தான். ஜூனியர் வக்கீலுக்கு நகரத்தில் மாதம் 20,000 ரூபாயாவது கொடுங்கள் என்று பார் கவுன்சில் 2024இல் சொன்னது, ஆனால் அது பரிந்துரைதான், எல்லோரும் கொடுப்பதில்லை. தொண்டு நிறுவன வேலையை மட்டும் நம்பி இறங்க வேண்டாம், 2020இல் வெளிநாட்டு நன்கொடைச் சட்டத்தை இறுக்கிய பிறகு பல இடங்களில் ஆள் குறைத்துவிட்டார்கள். கம்பெனிகளில் தகவல் பாதுகாப்புச் சட்டம் தெரிந்தவர்களுக்கு வேலை இருக்கிறது, நாலைந்து வருடம் அதில் சம்பாதித்துக்கொண்டே வழக்கும் பார்க்கலாம். "உளவுத்துறையிலேயே சேர்ந்துவிட்டால்?" என்று பாதி விளையாட்டாகக் கேட்டீர்களே, அதற்கும் வழி இருக்கிறது. மத்திய உளவுத்துறையான ஐபியில் ஏசிஐஓ என்ற அதிகாரி பதவிக்கான தேர்வுக்கு ஏதாவது ஒரு பட்டம் போதும். அவளைக் கேட்டேன், சிரித்தாள்.

ஃபர்ஸ்ட் பியூசியில் பிசிஎம்சி (இயற்பியல், வேதியியல், கணிதம், கம்ப்யூட்டர் சயின்ஸ்) எடுத்திருக்கிறாள், அதை மாற்ற வேண்டாம். தேசிய சட்டப் பல்கலைக்கழகங்களில் சேர எழுதும் கிளாட் தேர்வுக்கு எந்தப் பிரிவும் தடையில்லை. 120 கேள்வி, இரண்டு மணி நேரம், எல்லாமே பத்தியைப் படித்துப் பதில் சொல்வது. தினமும் நாற்பது பக்கம் படிக்கிற பிள்ளைக்கு அதில் பாதி வேலை முடிந்த மாதிரி. வழக்கமாக டிசம்பரில் நடக்கும், அடுத்த டிசம்பருக்கு உட்கார வையுங்கள். நாகர்பாவி நேஷனல் லா ஸ்கூல் கிடைத்தால் வீட்டிலிருந்தே பஸ்ஸில் போய்விடலாம், ஆனால் சீட் குறைவு, போட்டி கடுமை, அதனால் பொறியியல் போன்ற படிப்புகளுக்கான மாநில நுழைவுத் தேர்வான கேசிஇடியையும் விட வேண்டாம்.

அதுவரை அவளுக்கு ஒரு வேலை கொடுத்திருக்கிறேன். தகவல் உரிமைச் சட்டம் 24ஆவது பிரிவு உளவு அமைப்புகளுக்கு விலக்கு கொடுக்கிறது, ஆனால் ஊழலும் மனித உரிமை மீறலும் பற்றிய புகார் என்றால் அந்த விலக்கு கிடையாது. அந்த ஒரு பிரிவைத் தமிழில், உங்கள் அம்மாவுக்குப் புரிகிற மாதிரி ஒரு பக்கம் எழுதிக் காட்டச் சொன்னேன். பாட்டி தலையாட்டினால் என்னிடம் கொண்டுவரட்டும்.

இன்னொன்று, 'லாக்கப்' புத்தகத்தை என் மேசையிலேயே விட்டுவிட்டுப் போய்விட்டாள். கோயம்புத்தூர் ஆட்டோ டிரைவர் ஒருவர் தன் சொந்த அனுபவத்தை எழுதியது. நான் இன்னும் பாதியில்தான் இருக்கிறேன், அடுத்த வாரம் தருகிறேன் என்று சொல்லுங்கள்.