மைத்துனரின் லாபமும் உங்கள் அடகுச் சீட்டும்

கேள்வி: எனக்கு வயது 43. ஈரோடு மாவட்டத்தில் ஒரு நூற்பாலையில் மேற்பார்வையாளராக இருக்கிறேன். கைக்கு வரும் சம்பளம் 62,000 ரூபாய். என் மனைவியின் தம்பி சிறு நிறுவனப் பங்குகளில் நல்ல லாபம் பார்த்து, கார் வாங்கினார். அவர் சொன்னதை நம்பி, மனைவியின் நகைகளை 12 சதவீத வட்டிக்கு அடகு வைத்து 6 லட்சம் வாங்கி, மூன்று பங்குகளில் போட்டேன். ஐந்தே மாதத்தில் அது 8.5 லட்சமானது. அந்தத் துணிச்சலில் 15 சதவீதத்தில் 4 லட்சம் தனிநபர் கடன் எடுத்து அதையும் போட்டேன். எட்டுத் தவணை கட்டிவிட்டேன். நகைக் கடனுக்கு வட்டி மட்டும் கட்டி ஒருமுறை புதுப்பித்தேன். தீபாவளி போனஸ் அதற்கே போய்விட்டது. இப்போது பங்குகளின் மதிப்பு 6.2 லட்சம். "இறங்கும்போதுதான் வாங்க வேண்டும் மாமா, வாங்கிய சராசரி விலை குறைந்து ஆவரேஜ் ஆகிவிடும்" என்கிறார் மைத்துனர். மீதி நகையையும் அடகு வைக்கச் சொல்கிறார். மாமியாரின் 3 லட்சம் வைப்புத்தொகையையும் எடுக்கலாம் என்று பேச்சு வருகிறது. இரவில் தூக்கமில்லை. வைத்திருக்கலாமா, இன்னும் வாங்கலாமா?

பதில்: வாங்கவும் வேண்டாம், வைத்திருக்கவும் வேண்டாம். விற்றுக் கடனை அடையுங்கள்.

உங்கள் கடிதத்தில் அந்த மூன்று நிறுவனங்களும் என்ன தயாரிக்கின்றன, யாருக்கு விற்கின்றன, எவ்வளவு சம்பாதிக்கின்றன என்று ஒரு வரி கூட இல்லை. மைத்துனர் வாங்கிய கார் இருக்கிறது. உங்கள் சிக்கல் இங்கேதான் தொடங்குகிறது. சொந்தத்தில் ஒருவர் கண்ணெதிரே பணக்காரராவதைப் பார்த்துக்கொண்டு சும்மா இருப்பது கடினம் என்பது எனக்குப் புரிகிறது. ஆனால் அந்த வேதனைக்கு மருந்தாக மனைவியின் நகையை அடகு வைத்தீர்கள். அது பலித்தது போலத் தோன்றியதும் இரண்டாவது கடனையும் வாங்கினீர்கள். அடுத்தவர் லாபத்தைப் பார்த்துக் கடன் வாங்கும் இந்தப் பழக்கத்தை இன்றோடு நிறுத்தாவிட்டால், எந்தப் பங்கைப் பற்றி நான் என்ன சொன்னாலும் பயனில்லை.

கணக்கைப் பாருங்கள். நகைக் கடன் வட்டி ஆண்டுக்கு 72,000, அதாவது மாதம் 6,000. தனிநபர் கடனுக்கு நான்கு ஆண்டுத் தவணை என்றால் மாதம் சுமார் 11,100. இரண்டும் சேர்ந்து 17,000 ரூபாய்க்கு மேல். சம்பளத்தில் கால் பங்குக்கும் அதிகம். நீங்கள் போட்ட 10 லட்சம் திரும்பி வரவே 6.2 லட்சம் சுமார் 61 சதவீதம் ஏற வேண்டும். ஓராண்டு வட்டியையும் சேர்த்தால் சுமார் 80 சதவீதம். அத்தனை ஏறினாலும் உங்களுக்குக் கிடைக்கும் லாபம் பூஜ்யம். கடன் இல்லாதவர் பங்கு இறங்கினால் ஐந்து ஆண்டு காத்திருக்கலாம். உங்களுக்கு அந்த வசதி கிடையாது, அடகுச் சீட்டில் தேதி போட்டிருக்கிறது.

மைத்துனர் உங்களை ஏமாற்றுகிறார் என்று நான் சொல்லவில்லை. அவர் மனதார நம்புகிறார் என்றே நினைக்கிறேன். ஆபத்தும் அதில்தான் இருக்கிறது. அறிமுகமில்லாத தரகர் சொன்னால் பத்துக் கேள்வி கேட்டிருப்பீர்கள். வீட்டுக்கு வந்து சாப்பிட்டுப் போகிறவர் சொன்னதால் ஒன்றும் கேட்கவில்லை.

உங்கள் மாவட்டத்துக்காரருக்கு இதை விளக்க வெகுதூரம் போக வேண்டியதில்லை. முதலீடு கட்டி ஈமு வளர்த்தால் மாதாமாதம் பணம் என்று சொன்ன பெருந்துறை ஈமு கோழித் திட்டம் 2012-ல் சரிந்தது நினைவிருக்கும். விளம்பரத்தில் நடிகர்கள் வந்தார்கள் என்பது உண்மை. ஆனால் விவசாயிகளை நம்பவைத்தது பக்கத்துத் தோட்டத்தில் போட்ட கொட்டகையும், அந்த வீட்டுக்கு மாதாமாதம் தவறாமல் வந்த பணமும்தான். அந்தப் பணம் எங்கிருந்து வந்தது? ஈமு இறைச்சிக்கும் எண்ணெய்க்கும் சொல்லும்படியான சந்தை இங்கே இருந்ததில்லை. புதிதாகச் சேர்ந்தவர் கட்டிய முதலீடுதான் பழையவருக்கு மாதப் பணமாகப் போனது. புதியவர் வருவது குறைந்ததும் எல்லாம் நின்றது. கடைசியில் தீவனமில்லாமல் கிடந்த பறவைகளுக்கு அரசு தீவனம் போட வேண்டியிருந்தது.

ஈமு திட்டம் மோசடி. உங்கள் பங்குகள் சட்டப்படி பட்டியலிடப்பட்டவை, இரண்டும் ஒன்றல்ல. ஆனால் விலை ஏறிய விதம் நெருக்கமானது. சிறு நிறுவனங்களில் வெளியே புழங்கும் பங்குகள் குறைவு. ஒரு வாட்ஸ்அப் குழுவில் சில நூறு பேர் ஒரே வாரத்தில் வாங்கினாலே விலை ஒரு நாளில் ஏற அனுமதிக்கப்பட்ட உச்ச வரம்பான அப்பர் சர்க்யூட்டைத் தொடும். ஏறிய விலையைக் காட்டி இன்னும் சில நூறு பேரை அழைப்பார்கள். நிறுவனத்தின் விற்பனை ஒரு ரூபாய் கூடியிருக்காது. 2024 ஆகஸ்டில் டெல்லியில் இரண்டே ஷோரூம் வைத்து மோட்டார் சைக்கிள் விற்கும், எட்டுப் பேர் வேலை பார்க்கும் ஒரு நிறுவனம் பங்கு வெளியீட்டில் 12 கோடி ரூபாய் கேட்டது. வந்த விண்ணப்பங்களின் மதிப்பு சுமார் 4,800 கோடி. அவ்வளவு பேரும் அந்த ஷோரூமின் கணக்கைப் படித்தா விண்ணப்பித்தார்கள்? அதே மாதம் பங்குச் சந்தையை ஒழுங்குபடுத்தும் அமைப்பான செபி, சிறு நிறுவனப் பங்குகளில் மிகைப்படுத்திய அறிவிப்புகளால் விலையை ஏற்றிவிட்டு, அந்த விலையில் நிறுவனர்களே விற்று வெளியேறுவதாக முதலீட்டாளர்களை எச்சரித்தது.

பெரிய பெயருக்கும் இதுவே நடந்திருக்கிறது. 2008 ஜனவரியில் ரிலையன்ஸ் பவர் பங்கு வெளியீட்டுக்குக் கடன் வாங்கி விண்ணப்பித்தவர்கள் ஏராளம். 450 ரூபாய்க்கு விற்ற பங்கு, பட்டியலான முதல் நாளே 372.50-ல் முடிந்தது. அந்த ஜனவரியில் 21,000-ஐத் தொட்ட மும்பை பங்குச் சந்தைக் குறியீடு சென்செக்ஸ் அக்டோபரில் 8,000-க்கும் கீழே போனது.

இனிச் செய்ய வேண்டியது. மூன்று பங்குகளையும் விற்றுவிடுங்கள். 6.2 லட்சம் என்பது திரையில் தெரியும் மதிப்பு. இவற்றில் ஏதாவது எஸ்எம்இ எனப்படும் சிறு, நடுத்தர நிறுவனங்களுக்கான தளத்துப் பங்காக இருந்தால், லாட் எனப்படும் குறிப்பிட்ட எண்ணிக்கைத் தொகுதியாகத்தான் விற்க முடியும். வாங்க ஆளில்லாத நாளும் வரும். சில நாட்களாகப் பிரித்து விற்றாலும், விலை திரும்பி வரும் என்று இடையில் நிறுத்தாதீர்கள். வந்த பணத்தில் முதலில் வட்டி அதிகமான தனிநபர் கடனை முடியுங்கள். இன்னும் ஏறக்குறைய 3.5 லட்சம் பாக்கி இருக்கும். முன்கூட்டியே அடைப்பதற்குக் கட்டணம் எவ்வளவு என்று கேளுங்கள். நான்கு சதவீதம் கேட்டாலும் 14,000 ரூபாய், சுமார் மூன்று மாத வட்டி, தயங்காமல் கட்டலாம். மிச்சம் 2.7 லட்சத்தை நகைக் கடனில் கட்டினால் 3.3 லட்சம் நிற்கும். இப்போது இரண்டு கடனுக்கும் போகிற அதே 17,000-ஐ மாதாமாதம் அதில் கட்டுங்கள். இரண்டு ஆண்டுக்குள் நகை முழுவதும் வீட்டுக்கு வந்துவிடும். விற்கும்போது ஐம்பதாயிரம் குறைந்தால் இன்னும் நான்கு மாதம் கூடும், அவ்வளவுதான். கட்டக் கட்ட நகையைப் பகுதி பகுதியாகத் திருப்பித் தருவார்களா என்றும் விசாரியுங்கள்.

நஷ்டத்தை வருமான வரிக் கணக்கில் கெடு தேதிக்குள் காட்டிவிடுங்கள். எட்டு ஆண்டுகள் வரை வரும் மூலதன லாபத்தில் அதைக் கழித்துக்கொள்ளலாம். தேதி தவறினால் அந்த உரிமை போய்விடும்.

விட்டதைப் பிடிக்க, பங்கின் வருங்கால விலையை வைத்துப் பந்தயம் கட்டுவது போன்ற ஆப்ஷன் வர்த்தகம் செய்யலாம் என்று அடுத்த யோசனை வரும். மூன்று நிதியாண்டுகளை ஆராய்ந்து செபி 2024-ல் வெளியிட்ட அறிக்கை, பங்குச் சந்தையின் ஃபியூச்சர்ஸ், ஆப்ஷன் வர்த்தகத்தில் தனிநபர்களில் 93 சதவீதம் பேர் நஷ்டப்பட்டதாகச் சொல்கிறது. மொத்த நஷ்டம் 1.8 லட்சம் கோடிக்கும் மேல். அந்தப் பக்கமே போக வேண்டாம்.

மைத்துனரிடம் சண்டை வேண்டாம். "கடனை அடைத்த பிறகு பார்க்கலாம்" என்று ஒரு முறை சொல்லுங்கள். காரணம் விளக்கத் தொடங்கினால் பதில் சொல்லி உங்களை மாற்றிவிடுவார். குடும்ப வாட்ஸ்அப் குழுவில் வரும் லாபப் படங்களுக்கு நீங்கள் பதிலளிக்க வேண்டியதில்லை. நஷ்டத் தொகையை மனைவியிடம் முழுமையாகச் சொல்லிவிடுங்கள், நகை அவருடையது. மாமியாரின் வைப்புத்தொகை விஷயத்தில் மட்டும் மௌனமாக இருக்காதீர்கள். அது அவருடைய மருத்துவச் செலவுக்கும் முதுமைக்கும் உள்ள பணம். மகன் கேட்டால் அவர் மறுக்க மாட்டார். அதனால் பத்திரத்தை முறிப்பதற்கு முன், நீங்கள் போட்ட 10 லட்சம் இன்று எவ்வளவு ஆகியிருக்கிறது என்பதை அவரிடம் நீங்களே நேரில் சொல்லுங்கள். இந்த வாரமே சொல்லுங்கள்.